சட்டென்று முடிவெடுக்கும் அப்பா அம்மாவிடம் தொழில் கற்பது எப்படி?

குடும்பத் தொழிலுக்குள் வந்த பிள்ளைகளைக் கேட்டால் பலரும் ஒரே குறையைச் சொல்வார்கள். "அப்பா ரெண்டு நிமிஷத்துல முடிவு சொல்லிடறார். எப்படின்னு கேட்டா, போகப் போக உனக்கே தெரியும்ங்கிறார்." போகப் போகத் தெரியும்தான். ஆனால் அதற்குள் பதினைந்து இருபது வருடம் ஓடிவிடும்.

பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருந்தால் தானாக வந்துவிடும் என்று பலர் நம்புகிறார்கள். வராது. பார்க்கிறவருக்குத் தெரிவது கடைசியில் வாயிலிருந்து வரும் 'சரி' அல்லது 'வேண்டாம்' மட்டும். முடிவெடுத்தவர் எதையெல்லாம் பார்க்காமலே ஒதுக்கினார், எவ்வளவு போனாலும் தாங்கும் என்று முன்பே கணக்கு வைத்திருந்தார், நாளைக்கு மனம் மாறினால் திரும்பி வர வழி இருக்கிறதா என்று எப்படி எடை போட்டார் என்பதெல்லாம் வெளியே தெரியாது. அந்தக் கணக்கை அவரிடமிருந்து வெளியே எடுப்பதற்கும், பிறகு சொந்தமாகப் போட்டுப் பழகுவதற்குமான வேலைமுறை இது.

எந்த முடிவுகளைக் கற்பது, எவற்றை விடுவது

1980-களில் கேரி கிளைன் என்ற உளவியலாளர் தீயணைப்புப் படைத் தலைவர்கள் களத்தில் எப்படி முடிவெடுக்கிறார்கள் என்று ஆராய்ந்தார். நாலைந்து வழிகளை வரிசையாக வைத்து ஒப்பிட்டுத் தேர்ந்தெடுக்கிறார்கள் என்றுதான் யாரும் நினைப்பார்கள். அவர்கள் அப்படிச் செய்யவில்லை. நிலைமையைப் பார்த்ததும் 'இது இன்ன மாதிரியான தீ' என்று அடையாளம் கண்டார்கள். முதலில் தோன்றிய வழியை மனத்துக்குள் ஓட்டிப் பார்த்தார்கள். இடறினால் அடுத்த வழி, இடறாவிட்டால் அதே வழி. நெடுநாள் தொழில் செய்தவரின் மூளையும் பெரும்பாலும் இப்படித்தான் ஓடுகிறது. அதனால்தான் "எத்தனை வழியை ஒப்பிட்டுப் பார்த்தீங்க?" என்று கேட்டால் அவர் விழிப்பார். ஒப்பிடவே இல்லையே, என்ன சொல்வார்?

அதே கிளைனும் டேனியல் கானமன் என்ற உளவியலாளரும் 2009-இல் சேர்ந்து எழுதிய கட்டுரை ஒன்று, இப்படிப்பட்ட உள்ளுணர்வை எப்போது நம்பலாம் என்று பேசியது. இரண்டு நிபந்தனைகள். அந்தத் துறையில் ஒரே மாதிரியான நிலைமைகள் திரும்பத் திரும்ப வரவேண்டும். எடுத்த முடிவு சரியா தப்பா என்பது அவருக்கு உடனுக்குடன் தெளிவாகத் தெரிந்திருக்க வேண்டும்.

இதை வைத்து முதல் வாரத்தில் ஒரு வேலை செய்யுங்கள். கடந்த ஒரு வருடத்தில் அப்பாவோ அம்மாவோ எடுத்த முடிவுகளில் இருபதை ஒரு தாளில் எழுதுங்கள். ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் இரண்டு கேள்வி: இதே மாதிரி நிலைமையை இதற்கு முன் பல தடவை பார்த்திருக்கிறாரா? விளைவு சில மாதங்களுக்குள் அவருக்குத் தெரிய வந்ததா? இரண்டுக்கும் 'ஆம்' என்றால் அந்த வகை முடிவை அவரிடமிருந்து அப்படியே கற்கலாம். வசூல், சப்ளையரிடம் பேரம், சரக்கு இருப்பு, உற்பத்தியில் எங்கே கோளாறு வரும் என்பது எல்லாம் பொதுவாக இந்தப் பக்கம் வரும். இதுவரை நுழையாத சந்தை, புதிய தொழில்நுட்பம், இணைய விளம்பரச் செலவு போன்றவை அந்தப் பக்கம் போகும். அங்கே அவருடைய உறுதியான குரலுக்குப் பின்னால் அனுபவம் இல்லை, பழக்கம் மட்டுமே இருக்கிறது.

ஆள் எடுப்பது தனிக் கதை. "ஆளைப் பார்த்ததுமே சொல்லிடுவேன்" என்று சொல்லாத முதலாளி கிடையாது. ஆனால் வேண்டாம் என்று திருப்பி அனுப்பியவர் வேறிடத்தில் எப்படி வேலை செய்தார் என்பது அவருக்குத் தெரியவே தெரியாது. பாதி விடைத்தாளை மட்டும் திருத்திவிட்டு முழு மதிப்பெண் போட்டுக்கொண்ட பரீட்சை அது. ஆள் தேர்வை அவரிடமிருந்து கற்க வேண்டுமானால், எடுத்த ஆட்களில் ஒரு வருடம் தாண்டி நின்றவர்கள் எத்தனை பேர் என்று சம்பளப் பதிவேட்டைப் பார்த்து எண்ணிவிட்டு ஆரம்பியுங்கள்.

முடிவு நோட்டு

இந்த முறையின் முதுகெலும்பு இதுதான். சாதாரண நோட்டுப் புத்தகம் போதும். ஒரு முடிவுக்கு அரைப் பக்கம்:

- தேதி, விஷயம் ஒரு வரியில், எப்போதுக்குள் பதில் சொல்ல வேண்டும்
- என் முடிவு: செய்யலாம், வேண்டாம், அல்லது இன்ன நிபந்தனையோடு செய்யலாம்
- காரணம், மூன்று வரிக்குள்
- என்ன நடக்கும் என்று எதிர்பார்க்கிறேன் (எண் கட்டாயம்), எத்தனை சதவீதம் நம்பிக்கை
- அப்பா அல்லது அம்மாவின் முடிவு, காரணம் அவர் சொன்ன வார்த்தைகளிலேயே
- திரும்பப் பார்க்கும் தேதி

முதல் நான்கையும் அவர் வாய் திறப்பதற்கு முன் எழுதிவிட வேண்டும். இதில் சலுகையே கிடையாது. அவர் சொன்னதைக் கேட்ட பிறகு எழுதினால், "எனக்கும் அப்படித்தான் தோணிச்சு" என்று மனம் சாதித்துவிடும். விளைவு தெரிந்த பிறகு மனிதர்கள் 'முன்பே தெரியும்' என்று எண்ணிக்கொள்வதை பாரூக் ஃபிஷ்ஹாஃப் என்ற உளவியலாளர் 1975-லேயே சோதனை வைத்துக் காட்டியிருக்கிறார். அந்தச் சறுக்கலைத் தடுப்பது மை உலர்ந்த எழுத்து ஒன்றுதான்.

எதிர்பார்ப்பில் எண் இல்லாவிட்டால் அந்தப் பதிவு வீண். 'விற்பனை நன்றாக இருக்கும்' என்பதைப் பிறகு சரிபார்க்க முடியாது. 'மூன்று மாதத்தில் 400 பெட்டி போகும், 60 சதவீதம் நம்பிக்கை' என்பதைச் சரிபார்க்கலாம்.

எதிர்பார்ப்பை எழுதிவைத்து, 9 அல்லது 12 மாதம் கழித்து நடந்ததோடு ஒப்பிடச் சொன்னவர் நிர்வாக அறிஞர் பீட்டர் டிரக்கர். பெரிய முதலீடுகளுக்கு அந்தக் கால அளவு சரி. கடன் கொடுப்பது, சரக்கு எடுப்பது போன்றவற்றுக்கு 90 நாளிலேயே விடை வந்துவிடும், அதற்கேற்பத் தேதி போடுங்கள்.

வாரத்துக்கு மூன்று பதிவு போதும். மூன்று மாதத்தில் ஏறக்குறைய 40 சேரும், ஒரு போக்கு தெரிய அது போதுமானது. தினமும் ஐந்து எழுத ஆரம்பிப்பவர்கள் மூன்றாவது வாரத்தில் நோட்டை மூடிவிடுவார்கள். பெரிய விஷயங்களை மட்டும் எழுதுகிறவர்களுக்கு மூன்று மாதத்தில் நான்குகூடச் சேராது.

நோட்டைப் பற்றி வீட்டில் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். சொல்லாமல் எழுதி, அது அப்பா கண்ணில் பட்டால், தன் தவறுகளுக்குப் பிள்ளை கணக்கு வைக்கிறான் என்றுதான் எடுத்துக்கொள்வார். "என் கணிப்பு எவ்வளவு தூரம் சரின்னு பாக்கறதுக்குப்பா" என்று சொல்லி, மாதம் ஒரு முறை இரண்டு பக்கத்தைக் காட்டினால், தன் பங்குக்கு அவரே திருத்தம் சொல்ல ஆரம்பித்துவிடுவார். அலுவலக மேசையில் விட்டுவிட்டுப் போகாதீர்கள். அதில் ஆட்களைப் பற்றியும் எழுதியிருப்பீர்கள்.

'ஏன்' என்று கேட்காமல் கேட்பது

"ஏன் வேண்டாம்னு சொன்னீங்க?" என்று கேட்டால் இரண்டில் ஒன்று கிடைக்கும்: ஒரு பழமொழி, அல்லது எரிச்சல். 'ஏன்' என்ற கேள்வியைக் குற்றச்சாட்டாக எடுத்துக்கொள்வது மனித இயல்பு. தவிர, அவருக்கே காரணம் வார்த்தையாக இருக்காது. கிளைன் போன்றவர்கள் அனுபவசாலிகளிடம் பேசும்போது, பொதுவான கொள்கைகளைக் கேட்காமல் நடந்து முடிந்த ஒரே ஒரு சம்பவத்தை எடுத்துக்கொண்டு, அதன் வரிசையில் கேள்வி கேட்டார்கள். அதையே செய்யுங்கள். சம்பவம் நடந்த அதே வாரத்தில், நெருக்கடி அடங்கிய பிறகு, வேலையாட்கள் இல்லாத நேரத்தில், அரை மணி முதல் முக்கால் மணி வரை. சாப்பாட்டு நேரம் வேண்டாம். வீட்டில் மற்றவர்களுக்கும் ஒரு வாழ்க்கை இருக்கிறது.

கேட்க வேண்டியவை நான்கே. முதலில் எது உங்கள் கண்ணில் பட்டது? வேறு என்ன செய்யலாம் என்று தோன்றி, எதை விட்டீர்கள்? எந்த ஒரு தகவல் வேறு மாதிரி இருந்திருந்தால் முடிவு மாறியிருக்கும்? என் இடத்தில் புதிதாக வந்தவர் எங்கே தவறியிருப்பார்?

ஒரு பெரிய ஆர்டரை அப்பா தட்டிக்கழித்ததற்கு மறுநாள், மகள் இப்படிக் கேட்கலாம்:

"அந்தப் பார்ட்டிய வேண்டாம்னு அனுப்பிட்டீங்களேப்பா, முதல்ல எது கண்ணுல பட்டுச்சு?"

"விலையப் பத்தி அவர் பேசவே இல்லம்மா. நான் சொன்ன ரேட்டுக்கு உடனே தலையாட்டினார். ஆனா 90 நாள் கடன்னு மட்டும் மூணு தடவ சொன்னார்."

"அவர் 30 நாள்னு சொல்லியிருந்தா?"

"பாதி அட்வான்ஸ் வாங்கிட்டு எடுத்திருப்பேன்."

"நானா இருந்தா எங்க விட்டிருப்பேன்?"

"லாபத்தப் பாத்திருப்ப. 90 நாளைக்கு மூலப்பொருளுக்கு யார் பணம் போடறதுன்னு பாத்திருக்க மாட்ட."

இந்த உரையாடலிலிருந்து நோட்டில் ஏற வேண்டியவை இரண்டு. முதலாவது ஒரு அடையாளம்: விலை பேசாமல் கடன் நாள் மட்டும் பேசுகிறவர், பணம் கொடுப்பதைப் பற்றி இன்னும் யோசிக்கவில்லை. இரண்டாவது ஒரு கணக்கு, அதைப் போட்டே பார்த்துவிட வேண்டும். மாதம் 100 மதிப்புள்ள ஆர்டர், அதில் 80 செலவு, 20 லாபம் என்று வைத்துக்கொள்ளுங்கள். உங்கள் சப்ளையருக்கு 30 நாளில் பணம் கட்ட வேண்டும், வாடிக்கையாளர் 90 நாளில் தருவார். இடையில் 60 நாள், அதாவது இரண்டு மாதச் செலவான 160, எந்நேரமும் உங்கள் கையிலிருந்து வெளியே நிற்கும். எட்டு மாத லாபம் அது. முதல் பணம் வர வேண்டிய நேரத்தில் அவர் கைவிரித்தால், மூன்று மாதச் சரக்குக்கு நீங்கள் செய்த செலவு 240 போச்சு. அது ஒரு வருட லாபம். அப்பா இந்த எண்களைப் போட்டுப் பார்க்கவில்லை, பழைய அடி ஒன்று அவருக்குப் பதிலாகப் போட்டுவிட்டது. உங்களுக்கு அந்த அடி படவில்லை, ஆகவே காகிதத்தில் போட வேண்டும்.

அவர் சொல்வது அத்தனையும் விதி ஆகிவிடாது. ஒரே அடையாளம் மூன்று சம்பவங்களில் திரும்ப வந்தால்தான் அதை விதியாக எழுதுங்கள். ஒரு தடவை சொன்னது அன்றைய மனநிலையாகக்கூட இருக்கலாம்.

வேகம் எங்கே, நிதானம் எங்கே

உடனடி முடிவுக்குப் பெயர் போனவர்களைக் கவனித்தால் அவர்கள் எல்லாவற்றிலும் வேகம் இல்லை. விளம்பர வாசகத்துக்கு ஒரு நிமிடம், கூட்டாளி சேர்ப்பதற்கு ஆறு மாதம். இந்த வித்தியாசம் கற்கிறவர் கண்ணுக்குப் படுவதில்லை. ஒரு நிமிட முடிவுகள்தான் எல்லோர் முன்னாலும் நடக்கின்றன, ஆறு மாத யோசனையை யாரும் பார்ப்பதில்லை.

அமேசான் நிறுவனர் ஜெஃப் பெசோஸ் பங்குதாரர்களுக்கு எழுதிய 2015-ஆம் ஆண்டுக் கடிதத்தில் முடிவுகளை இரண்டாகப் பிரித்தார்: போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பி வரக்கூடிய கதவு, நுழைந்தால் திரும்ப முடியாத கதவு. அடுத்த ஆண்டுக் கடிதத்தில், வேண்டிய தகவலில் 70 சதவீதம் அளவு கிடைத்ததும் பெரும்பாலான முடிவுகளை எடுத்துவிடலாம், 90 சதவீதத்துக்குக் காத்திருந்தால் தாமதமாகிவிடும் என்று எழுதினார். தொழிலின் அளவு எதுவானாலும் இந்தப் பிரிவு உதவும்.

திரும்பி வரக்கூடியவை: சோதனைக்குச் சிறிய அளவில் புது மூலப்பொருள் வாங்குவது, ஷிப்ட் நேரம், புதிய அச்சு வடிவம், ஒரு விளம்பரம். அன்றைக்கே முடிவு.

திரும்ப முடியாதவை: வங்கிக் கடனுக்குச் சொந்தச் சொத்தை ஜாமீன் வைப்பது, பங்கு கொடுப்பது, நீண்ட காலக் குத்தகை, நெடுநாள் ஆளை வெளியே அனுப்புவது, தரத்தைக் குறைப்பது. இரண்டு வாரம், எழுத்தில் காரணம், குறைந்தது ஒரு வெளியாளின் கருத்து.

நடுவில் சிலது இருக்கின்றன, ஏமாற்றுபவை அவைதான். விலைத் தள்ளுபடி திரும்ப எடுக்கக்கூடியதாகத் தெரியும். ஒரு வாடிக்கையாளருக்குக் குறைத்த விலையை மறுபடி ஏற்றிப் பாருங்கள், தெரியும். புதியவரை வேலைக்கு எடுப்பதும் அப்படித்தான். இவற்றுக்கு மூன்று நாள் வைத்துக்கொள்ளுங்கள், முடிவு நாளை நாட்காட்டியில் குறித்துவிட்டு. அந்த நாள் வந்ததும் இருக்கிற தகவலை வைத்து முடிவு சொல்லிவிட வேண்டும். 'இன்னும் கொஞ்சம் விசாரிக்கலாம்' என்று தள்ளினால், எந்தக் கேள்விக்கு, யாரிடம், எந்த நாளுக்குள் என்று எழுதிவிட்டே தள்ளுங்கள். எழுத முடியவில்லை என்றால் அது விசாரணை இல்லை, தயக்கம்.

திரும்ப முடியாத முடிவுகளுக்குக் கிளைன் 2007-இல் பிரபலமாக்கிய ஒரு பயிற்சி பொருந்தும். முடிவு எடுத்து ஒரு வருடம் ஆகிவிட்டது, படுதோல்வி என்று வைத்துக்கொள்ளுங்கள். ஏன் தோற்றது என்று ஒவ்வொருவரும் தனித்தனியாகப் பத்து நிமிடம் எழுத வேண்டும். பிறகு ஒவ்வொருவராகப் படிக்க வேண்டும். குடும்பத் தொழிலில் இதில் ஒரு சிக்கல் வரும். பெரியவர் முதலில் படித்துவிட்டால் மற்றவர்கள் காகிதத்தை மடித்துவிட்டு "அதேதான் நானும் எழுதியிருக்கேன்" என்பார்கள். வயதில் குறைந்தவர் முதலில், பெரியவர் கடைசியில்.

சொந்தமாக முடிவெடுக்க வரம்பு வாங்குவது

நோட்டு எழுதினால் கணிப்பு வரும், முடிவெடுக்கும் பழக்கம் வராது. சொந்தப் பெயரில் முடிவு எடுத்து அதன் விளைவைச் சந்தித்தால்தான் அது வரும். அதற்கு அதிகாரம் வேண்டும், அதை ஒரேயடியாகக் கேட்டால் கிடைக்காது. படிப்படியாகக் கேளுங்கள்.

முதல் மூன்று மாதம் பரிந்துரை மட்டும்: "இத எடுக்கலாம்னு நினைக்கறேன், காரணம் இது, போனா இவ்வளவு போகும்." வெறும் தகவலைக் கொண்டுபோய்க் கொட்டி "என்ன செய்யலாம்?" என்று நிற்கவே கூடாது. அப்படி நின்றால் நீங்கள் தபால்காரர் ஆகிவிடுவீர்கள். அடுத்த கட்டத்தில் எண்ணத்தை அறிவிப்பது: "நாளைக்குக் காலைல ஆர்டர் போடப் போறேன். வேண்டாம்னா இன்னைக்குச் சாயந்தரத்துக்குள்ள சொல்லுங்க." பேசாமல் இருந்தால் சம்மதம். இந்த இரண்டாம் கட்டம்தான் மிகவும் பலன் தருவது. முடிவு உங்களுடையதாகவும் கடைசித் தடுப்பு அவருடையதாகவும் இருக்கிறது. அதன் பிறகு, செய்துவிட்டு வாரம் ஒரு முறை சொல்வது.

மூன்றாம் கட்டத்துக்குத் தொகை வரம்பு வேண்டும். ஒரு முடிவில் போகக்கூடிய அதிகபட்ச நஷ்டம் ஒரு மாத நிகர லாபத்தில் 5 சதவீதம், மாதம் முழுவதும் சேர்த்து 15 சதவீதம் என்று ஆரம்பிப்பது நல்ல அளவு. அடி பட்டால் வலிக்கும், தொழில் ஆடாது. வரம்பை வாங்கும் தொகையில் வைக்காமல் நஷ்டத்தில் வையுங்கள். பெரிய தொகைக்கு வாங்கி அப்படியே திருப்பிக் கொடுக்கக்கூடிய சரக்கு, சிறிய தொகை முழுவதும் போய்விடும் விளம்பரத்தைவிடப் பாதுகாப்பானது. பத்து முடிவுகள் ஒழுங்காக எடுத்த பிறகு வரம்பை இரட்டிப்பாக்கக் கேளுங்கள். இதில் 'ஒழுங்காக' என்பது காரணம் எழுதி, நாளுக்குள் எடுத்து, சொன்ன தேதியில் திரும்பப் பார்த்தது. லாபம் வந்ததா என்பது வேறு விஷயம்.

வரம்பு ஒரு பக்கத்தில் எழுத்தாக இருக்க வேண்டும், கணக்கரும் மேற்பார்வையாளரும் அதைப் பார்த்திருக்க வேண்டும். இல்லாவிட்டால் 'சின்னவரிடம்' கிடைக்காததைப் 'பெரியவரிடம்' போய் வாங்குவதற்கு ஆட்கள் ஒரு வாரத்தில் பழகிவிடுவார்கள். ஒரு முடிவை அப்பா மாற்ற நினைத்தால், தனியாகக் கூப்பிட்டுச் சொல்ல வேண்டும், மாற்றத்தை அறிவிப்பது பிள்ளையின் வாயிலிருந்து வரவேண்டும். இந்த ஒரு நிபந்தனையைக் கேட்டு வாங்குவது தொகையைக் கேட்டு வாங்குவதைவிடக் கடினம், அதைவிட முக்கியமும்கூட.

இது இல்லாமல் போனால் என்ன ஆகும் என்பதற்கு வரலாற்றில் பெரிய உதாரணம் ஃபோர்டு குடும்பம். எட்செல் ஃபோர்டு 1919-இல் 25 வயதில் ஃபோர்டு மோட்டார் நிறுவனத்தின் தலைவரானார். பதவி மகனுக்கு, பிடி அப்பா ஹென்றி ஃபோர்டுக்கு. மாடல் டி காருக்கு மாற்று வேண்டும் என்று மகன் வற்புறுத்தியும் அப்பா அசையவில்லை. 1927-இல் அந்தக் காரை நிறுத்தியபோது மாற்று தயாராக இல்லாமல் ஆலைகள் மாதக்கணக்கில் முடங்கின, மாடல் ஏ அந்த டிசம்பரில்தான் வந்தது. மகன் கேட்ட ஹைட்ராலிக் பிரேக் 1939 மாடலில்தான் ஃபோர்டு கார்களுக்கு வந்தது. எட்செல் 1943-இல் 49 வயதில் இறந்தபோது, எண்பது வயதை நெருங்கிய தந்தையே மறுபடி தலைவரானார். இருபத்து நான்கு வருடம் பதவியில் இருந்தும், பெரிய விஷயங்களில் தன் முடிவின் விளைவைத் தானே சந்திக்கும் வாய்ப்பு மகனுக்குப் பெரும்பாலும் கிடைக்கவில்லை.

ஒத்துவராதபோது

ஒரு விஷயத்தில் நீங்கள் வேண்டாம் என்கிறீர்கள், அம்மா செய்வோம் என்கிறார். உங்கள் எதிர்ப்பை ஒரு தடவை, காரணத்தோடு, முடிவு எடுப்பதற்கு முன் சொல்லுங்கள். கடைசி முடிவு அவருடையது என்றால், அதற்குப் பிறகு அதைச் சொந்த முடிவு போல நடத்திக் காட்ட வேண்டும். அரை மனதோடு செய்து, தோற்றதும் "நான்தான் அப்பவே சொன்னேனே" என்றால், அடுத்த முறை உங்கள் எதிர்ப்புக்கு யாரும் காது கொடுக்க மாட்டார்கள். நோட்டில் உங்கள் எதிர்பார்ப்பு எண் இருக்கிறது, அது போதும். அம்மாவிடம் சொல்ல வேண்டியதை அப்பா வழியாகவோ பெரியப்பா வழியாகவோ சொல்லி அனுப்புவது எல்லாவற்றிலும் மோசம்.

அவரிடமிருந்து எடுத்துக்கொள்ளக் கூடாதவை

குரலை உயர்த்துவதை முடிவெடுக்கும் திறன் என்று நினைத்து அதை மட்டும் எடுத்துக்கொள்கிற வாரிசுகள் உண்டு. அப்பாவின் சத்தத்தைச் சகித்துக்கொண்ட ஆட்கள், முப்பது வருடம் அவர் சம்பளம் தவறாமல் போட்டதற்காகச் சகித்தார்கள். உங்களுக்கு அந்த வரவு இன்னும் இல்லை.

அவருடைய துணிவை எடுப்பதற்கு முன் அவருடைய கையிருப்பைப் பாருங்கள். தொழில் ஒரு ரூபாய்கூட வராமல் எத்தனை மாதம் நிலையான செலவுகளைத் தாங்கும்? அவர் பெரிய முடிவு எடுத்த காலத்தில் பன்னிரண்டு மாதம் தாங்கியிருக்கலாம். இன்று விரிவாக்கக் கடனோடு உங்கள் கையில் மூன்று மாதம்தான் இருக்கலாம். அதே முடிவு, அதே உறுதி, ஆனால் ஆபத்து பல மடங்கு.

போட்ட பணத்தை விட மனமில்லாமல் நஷ்டத்தில் ஓடும் பொருளைத் தொடர்வது மூத்த தலைமுறையின் பொதுவான பலவீனம். இளையவர்களுக்கும் அது உண்டு, ஆனால் அவர்கள் ஆரம்பித்த பொருள்கள் இன்னும் குறைவு. ஆரம்பிக்கும் நாளிலேயே நிறுத்தும் கோட்டை எழுதிவிடுங்கள்: 'ஆறாவது மாத முடிவில் விற்பனை மாதம் 300 பெட்டிக்குக் கீழ் இருந்தால் நிறுத்தம்.' கோட்டை நஷ்டம் வந்த பிறகு போட உட்கார்ந்தால், அது தினமும் ஒரு அடி தள்ளிப் போகும்.

எல்லாமே தன் மேசைக்கு வரவேண்டும் என்ற ஏற்பாடும் வேண்டாம். ஐபிஎம் நிறுவனத்தில் தாமஸ் வாட்சன் மூத்தவரின் காலத்தில் அப்படித்தான் இருந்தது. 1956-இல் பொறுப்பேற்ற மகன் வாட்சன் ஜூனியர் அதே ஆண்டில் நிர்வாகத்தைப் பிரித்து அதிகாரத்தைப் பகிர்ந்தார். பெரிய துணிச்சல் அவருக்கும் குறையவில்லை: பழைய கணினி வரிசைகளை ஓரங்கட்டும் சிஸ்டம்/360-ஐ 1964 ஏப்ரலில் அவர் காலத்தில்தான் அறிவித்தார்கள்.

மூன்று மாதக் கணக்கு

90 நாள் முடிந்ததும் நோட்டை எடுத்து மூன்று எண்ணிக்கை போடுங்கள். எத்தனை பதிவில் உங்கள் முடிவும் அவருடையதும் ஒன்று? எத்தனை முடிவுகள் குறித்த நாளுக்குள் எடுக்கப்பட்டன? 60 சதவீதம் நம்பிக்கை என்று எழுதியவற்றில் உண்மையில் எத்தனை நடந்தன?

நாற்பதில் முப்பத்தைந்துக்கு மேல் ஒத்துப்போனால் மகிழ வேண்டாம். அவர் என்ன சொல்வார் என்று ஊகித்து எழுதப் பழகியிருக்கலாம். காரணங்களைப் பாருங்கள். முடிவு ஒன்றாகவும் காரணம் வேறாகவும் இருந்தால், நீங்கள் இன்னும் கற்கவில்லை. ஒத்துப்போகாதவற்றில்தான் விஷயம் இருக்கிறது: நீங்கள் எப்போதும் 'சரி' சொன்ன இடத்தில் அவர் 'வேண்டாம்' என்கிறாரா, தொகை பெரிதானால் தயங்குகிறீர்களா, தெரிந்தவர் கேட்டால் இளகுகிறீர்களா என்று வகை பிரியுங்கள்.

விளைவை வைத்து மட்டும் மதிப்பெண் போடாதீர்கள். அலட்சியமான முடிவு அதிர்ஷ்டத்தால் ஜெயிக்கும், நல்ல முடிவு சந்தை சரிந்து தோற்கும். ஒரே முடிவை, விளைவு நன்றாக இருந்தால் புத்திசாலித்தனம் என்றும் மோசமாக இருந்தால் முட்டாள்தனம் என்றும் மனிதர்கள் மதிப்பிடுவதை ஜோனதன் பாரன், ஜான் ஹெர்ஷே என்ற ஆய்வாளர்கள் 1988-இல் சோதித்துக் காட்டினார்கள். எழுதிய நாளில் இருந்த தகவலுக்கு அது சரியா என்று பாருங்கள். அதிர்ஷ்டத்தால் ஜெயித்தவற்றைச் சிவப்பு மையில் சுழித்துவையுங்கள், அடுத்த தடவை அடி அங்கிருந்துதான் வரும்.

பெற்றோர் பேசாத சுபாவமாக இருந்தாலோ, இப்போது இல்லாமல் போயிருந்தாலோ, கணக்குப் புத்தகங்களில் பாதி கிடைக்கும். வரவேண்டிய பாக்கிப் பட்டியலைப் பழைய வருடங்களிலிருந்து எடுத்து, எந்த வாடிக்கையாளருக்கு எந்த ஆண்டில் கடன் நாள் குறைக்கப்பட்டது, எந்த சப்ளையர் திடீரென்று காணாமல் போனார் என்று பாருங்கள். ஒவ்வொரு மாற்றமும் யாரோ எடுத்த ஒரு முடிவு. அந்தப் பட்டியலோடு பழைய கணக்கரிடமோ, நெடுநாள் சப்ளையரிடமோ போய் உட்காருங்கள். "அப்பா எப்படிப்பட்டவர்?" என்று கேட்டால் பாராட்டு மட்டும்தான் வரும். "இந்த வருஷம் மார்ச்சுல இவருக்குச் சரக்கு நிறுத்தினாரே, அன்னைக்கு என்ன நடந்துச்சு?" என்று கேளுங்கள்.